நாயகனுக்குப் பக்கத்தில் நின்றவர்கள்

நேயர்களுக்கு வணக்கம்.

கோர்டெஸ், அல்புகெர்க், டூப்ளே, கிளைவ், ராஃபிள்ஸ் என்று சிலருடைய பெயரைச் சொல்லி, காலனிப் பேரரசுகளைக் கட்டியவர்கள் இவர்கள்தான் என்கிறோம். இவர்களைப் பற்றி வந்த புத்தகங்களை அடுக்கினால் ஒரு நூலகமே நிரம்பிவிடும். அவற்றில் எவற்றை நான் தேடிப் படிக்கிறேன், ஏன் என்பதைப் பற்றித்தான் இன்று பேசப் போகிறேன்.

இத்தகையவர்களைப் பற்றிய முதல் புத்தகம் பெரும்பாலும் அவர்கள் வீட்டுக்குள்ளிருந்தே வருகிறது. கோவாவையும் மலாக்காவையும் பிடித்த போர்ச்சுகீசியர் அல்புகெர்க்கின் வரலாற்றை 1557-இல் வெளியிட்டவர் அவருடைய மகன். சிங்கப்பூரை நிறுவிய ஆங்கிலேயர் ராஃபிள்ஸின் வாழ்க்கைக் குறிப்புகளை 1830-இல் கொண்டுவந்தவர் அவருடைய மனைவி சோஃபியா. இவர்கள் பொய் எழுதினார்கள் என்று நான் சொல்ல வரவில்லை. கடிதங்களைக் காப்பாற்றித் தந்தவர்களே இவர்கள்தான். ஆனால் எந்தக் கடிதத்தை அச்சேற்றுவது, எதைப் பெட்டியிலேயே விட்டுவிடுவது என்று முடிவு செய்தவர்களும் இவர்கள்தானே!

மெக்சிகோவை ஸ்பெயினுக்காகப் பிடித்த கோர்டெஸின் கதையை எழுதியவர் கோமரா என்ற பாதிரியார். ஸ்பெயினில் கோர்டெஸின் வீட்டில் பணி செய்தவர், மெக்சிகோ பக்கமே போகாதவர். 1552-இல் வந்த அவருடைய புத்தகத்தில் திட்டம் போடுவதும் கோர்டெஸ், முடிவெடுப்பதும் கோர்டெஸ், வெல்வதும் கோர்டெஸ். அந்தப் புத்தகம் குவாத்தமாலாவில் வாழ்ந்த ஒரு முன்னாள் சிப்பாயின் கைக்குப் போய்ச் சேர்ந்தது. பெர்னால் தியாஸ் என்பது அவர் பெயர். கோர்டெஸோடு கூடவே நடந்து போய்ச் சண்டை போட்டவர். படித்ததும் அவருக்குக் கோபம் வந்துவிட்டது. ஒரே ஆள் மட்டுமா மெக்சிகோவைப் பிடித்தார், நாங்களெல்லாம் எங்கே போனோம் என்று எழுத உட்கார்ந்தார். 'உண்மை வரலாறு' என்று தலைப்பிலேயே சவால் விட்டார். புத்தகம் அச்சில் வந்தது 1632-இல். அதற்குள் அவர் இறந்து ஏறக்குறைய அரை நூற்றாண்டு ஆகியிருந்தது.

நான் மிகவும் ரசித்துப் படித்த புத்தகம் இது. கப்பலில் வந்த குதிரைகள் ஒவ்வொன்றும் யாருடையது, என்ன நிறம், எது நன்றாக ஓடும் என்று கிழவர் வரிசையாகச் சொல்கிறார். மெக்சிகோவின் தலைநகரம் விழுந்த பிறகு தங்கத்தைப் பங்கு பிரித்தபோது சிப்பாய்களுக்குக் கிடைத்தது சொற்பம். கோர்டெஸ் தங்கியிருந்த வீட்டின் வெள்ளைச் சுவரில் ராத்திரியோடு ராத்திரியாக யாரோ கரியால் கேலிப் பாட்டு எழுதிவைக்கிறார்கள். கோர்டெஸும் விடவில்லை, பதிலுக்குப் பாட்டு எழுதுகிறார். கடைசியில் எரிச்சல்பட்டு, வெள்ளைச் சுவர் முட்டாள்களின் காகிதம் என்று அங்கேயே எழுதுகிறார். இப்படி ஒரு காட்சி எந்தப் பாதிரியாரின் புத்தகத்தில் கிடைக்கும்?

ஆனால் தியாஸையும் தலையில் தூக்கி வைக்க வேண்டாம். அவருடைய கோபமெல்லாம் தன் பங்கு குறைந்ததில்தான். மெக்சிகோவைப் பிடித்ததே தவறு என்று அவர் எங்கும் வருந்தவில்லை. உள்ளூர் மக்களின் உழைப்பை மானியமாகப் பெற்று வாழ்ந்தவர் அவர். ஸ்பானியர்களுக்காக ஆயிரக்கணக்கில் போரிட்ட உள்ளூர்க்காரர்களான திலாஸ்கலா மக்களும், எங்களையும் மறந்துவிட்டாயே என்று அவரைக் கேட்டிருக்கலாம்.

அடுத்து கிளைவ். அவருடைய வரலாற்றை மூன்று தொகுதிகளாக எழுதியவர் ஜான் மால்கம். அவரே கிழக்கிந்தியக் கம்பெனி அதிகாரி, பம்பாய் கவர்னராக இருந்தவர். 1836-இல் வந்த அந்த நூலுக்கு ஆங்கில எழுத்தாளர் மெக்காலே 1840-இல் ஒரு நீண்ட மதிப்புரை எழுதினார். மெக்சிகோவின் மன்னர் மான்டெசூமாவைச் சிறைபிடித்தது யார் என்று பள்ளிக்கூடப் பையனுக்கும் தெரிகிறது, நம் ஆட்கள் கிழக்கே செய்த காரியங்கள் யாருக்கும் தெரியவில்லையே என்ற குறையோடுதான் அவர் தொடங்குகிறார். நமக்கும் ஒரு கோர்டெஸ் இருக்கிறார், அவரைக் கொண்டாடுங்கள் என்பதுதான் உள்ளர்த்தம். ஆனாலும் ஓரிடத்தில் அவருக்கே மனம் ஒப்பவில்லை. 1757-இல் பிளாசிப் போருக்கு முன் உமிசந்த் என்ற வணிகரை ஏமாற்ற இரண்டு ஒப்பந்தங்கள் தயாராயின. வெள்ளைத் தாளில் இருந்தது அசல், சிவப்புத் தாளில் இருந்தது போலி. போலியில் கையெழுத்திட ஆங்கிலக் கடற்படையின் அட்மிரல் வாட்சன் மறுக்க, அவருடைய கையெழுத்தை வேறு யாரோ அதில் போட்டுவிட்டார்கள். மால்கம் இதற்குச் சமாதானம் சொல்கிறார், மெக்காலே கண்டிக்கிறார். ஆனால் வங்காளத்தின் பெரிய வட்டிக்கடைக்காரர்களான ஜகத் சேட் குடும்பத்தின் பணபலம் இல்லாமல் கிளைவால் பிளாசியில் என்ன செய்திருக்க முடியும்? அதைத்தான் நான் தெரிந்துகொள்ள விரும்புகிறேன். நாயகன் நல்லவனா கெட்டவனா என்ற வழக்கு நடக்கும் புத்தகத்தில் அதற்கு இடம் கிடைப்பதில்லை.

ராஃபிள்ஸைப் பற்றிப் படிக்க எனக்குப் பிடித்தது, அவரிடம் மலாக்காவில் எழுத்தராக வேலை பார்த்த முன்ஷி அப்துல்லாவின் சுயசரிதை. இரவில் ராஃபிள்ஸ் மேஜைமேல் மல்லாந்து படுத்துக் கண்ணை மூடிக் கிடப்பார், திடீரென்று எழுந்து எழுதுவார் என்றெல்லாம் அருகிலிருந்து பார்த்ததைச் சொல்கிறார் அப்துல்லா. அவருக்கு ராஃபிள்ஸ்மேல் மதிப்பு அதிகம், அதை மறைக்கவும் இல்லை. சரி, அவர் பார்க்காதது என்ன? அதற்கு 1971-இல் வந்த சையது உசேன் அலாட்டாஸின் சிறிய நூலைப் படிக்கலாம். 1811-இல் சுமத்ராவின் பாலெம்பாங்கில் டச்சுக்காரர்கள் கொல்லப்பட்டதில் ராஃபிள்ஸின் கடிதங்களுக்கு என்ன பங்கு என்று கேட்கும் நூல் அது. இரண்டையும் அடுத்தடுத்துப் படிக்க வேண்டும்.

பெல்ஜிய மன்னர் லியோபோல்டின் கதை வேறு மாதிரி. காங்கோவில் காலே வைக்காமல் 1885 முதல் 1908 வரை அதைத் தன் சொந்தச் சொத்தாக வைத்திருந்தார். பெல்ஜிய அரசுக்குக் கைமாற்றிக் கொடுக்கும் முன் ஆவணங்களைக் கொளுத்தச் சொல்லிவிட்டார். அவரை அம்பலப்படுத்தியவர்களில் முக்கியமானவர் மோரெல், ஒரு கப்பல் கம்பெனியின் குமாஸ்தா. காங்கோவிலிருந்து வரும் கப்பலில் ரப்பரும் தந்தமும் நிறைந்திருந்தன. அங்கே போகும் கப்பலில் விற்பனைச் சரக்கே கிட்டத்தட்ட இல்லை, துப்பாக்கிகளும் தோட்டாக்களும்தான் இருந்தன. அப்படியானால் ரப்பருக்கு அங்கே யாரும் விலை கொடுக்கவில்லை, அடித்து வாங்குகிறார்கள் என்று கணக்கைப் பார்த்தே கண்டுபிடித்தார். 1998-இல் ஆடம் ஹாக்ஸ்சைல்ட் எழுதிய நூல் இந்தக் கதையை விரிவாகச் சொல்கிறது. காங்கோ மக்களின் குரல் தனக்கு மிகக் குறைவாகவே கிடைத்தது என்பதையும் அவரே சொல்லிவிடுகிறார்.

இந்த வரிசையில் நமக்கு ஒரு அதிர்ஷ்டம் இருக்கிறது. புதுச்சேரியின் பிரெஞ்சு கவர்னர் டூப்ளேயின் துபாஷியாக, அதாவது மொழிபெயர்ப்பாளரும் தரகருமாக இருந்த ஆனந்தரங்கப் பிள்ளை 1736 முதல் 1761 வரை நாட்குறிப்பு எழுதினார், அதுவும் தமிழில். துணி வியாபாரம், யார் யாருக்குப் பணம் கைமாறியது, டூப்ளேயின் மனைவி எதிலெல்லாம் தலையிட்டார், 1748-இல் வேதபுரீசுவரர் கோயில் எப்படி இடிக்கப்பட்டது என்று எல்லாம் அதில் இருக்கின்றன. துரையிடம் தான் பேசிய முகஸ்துதியையும் விடாமல் எழுதுகிறார். பேரரசுக் கனவு கண்டவர் என்று பிரெஞ்சு நூல்கள் காட்டும் டூப்ளே, இங்கே பணத்துக்கும் செய்திக்கும் உள்ளூர் ஆட்களை எதிர்பார்த்துக் காத்திருக்கும் மனிதராகத் தெரிகிறார். பிள்ளையும் நடுநிலையாளர் அல்ல. தன் வியாபாரமும் தன் பதவியும் அவருக்கு முக்கியம், போட்டியாளர்களைப் பற்றி எழுதும்போது அது நன்றாகவே தெரியும்.

தொகுதிகள் பல, எல்லாவற்றையும் படிக்கப் பொறுமை வேண்டும். எங்கே தொடங்குவது என்று கேட்டால் 1746-இல் தொடங்குங்கள். சென்னை பிரெஞ்சுக்காரர்களிடம் விழுந்த ஆண்டு அது, பிடித்த ஊரை என்ன செய்வது என்று டூப்ளேயும் பிரெஞ்சுக் கடற்படைத் தளபதி லா பூர்தொன்னேயும் சண்டை போட்டுக்கொண்ட ஆண்டும் அதுதான். வணக்கம்.