மேய்ச்சல் நிலம் சுருங்கியபோது உருவான ஊர்

அவையோர் அனைவருக்கும் வணக்கம்.

ஜெருசலேமிலிருந்து ஜெரிக்கோவுக்கு இறங்கும் நெடுஞ்சாலையின் ஓரத்தில், தகரக் கொட்டகைகளும் ஆட்டுப்பட்டிகளுமாக இருக்கிறது கான் அல்-அஹ்மர். அருகிலேயே, 5ஆம் நூற்றாண்டில் புனித யூதிமியஸ் நிறுவிய மடத்தின் இடிபாடுகள் உள்ளன. ஆனால் இன்று அங்கு வாழும் சுமார் இருநூறு பேரின் வரலாறு அந்த மடத்திலிருந்து தொடங்கவில்லை. அவர்கள் ஜஹாலீன் என்னும் பெதூயின் (அரபு நாடோடி மேய்ப்பர்) குலத்தார். அவர்களுடைய பூர்விகம் தெற்கே நெகேவ் பாலைவனத்தின் தெல் அராத் வட்டாரம்.

அந்நாளில் அவர்கள் மழையைப் பின்தொடர்ந்து வாழ்ந்தார்கள். பெண்கள் வெள்ளாட்டு மயிரைத் திரித்து, தரைத்தறியில் நீண்ட பட்டைகளாக நெய்து, அவற்றைச் சேர்த்துத் தைத்ததே கருங்கூடாரம். மழையில் நனைந்ததும் இழைகள் உப்பி இடைவெளிகளை அடைத்துக்கொள்வதால் தண்ணீர் எளிதில் உள்ளே இறங்காது. வசந்தத்தில் பால் பெருகும்போது தயிரைக் கடைந்து வெண்ணெய் எடுத்தபின், எஞ்சியதை வடித்து, உப்பிட்டு, உருண்டைகளாக்கி வெயிலில் கல்போலக் காயவைத்து ஜமீத் செய்வார்கள்; புல் காய்ந்த மாதங்களுக்கு அதுவே சேமிப்பு. இந்தப் பொருளாதாரத்துக்கு வேண்டிய மூலதனம் பரந்த நிலம் ஒன்றுதான்.

1948 போருக்குப் பின், 1950களின் தொடக்கத்தில், இஸ்ரேலிய ராணுவம் அவர்களை நெகேவிலிருந்து வெளியேற்றியது. அப்போது ஜோர்தானின் ஆட்சியில் இருந்த மேற்குக் கரைக்கு வந்தவர்களில் ஒரு பிரிவினர், அனாத்தா ஊராரின் நிலங்கள் இருந்த இந்தக் குன்றுகளில் கூடாரம் அடித்தார்கள். 1967இல் இஸ்ரேல் மேற்குக் கரையைக் கைப்பற்றியது. பின்னர் ராணுவப் பயிற்சி நிலங்கள், 1975இல் மாலே அதுமீம், 1979இல் கஃபார் அதுமீம் என்ற இஸ்ரேலியக் குடியேற்றங்கள், அகன்ற சாலைகள் என ஒவ்வொன்றாக வந்து மேய்ச்சல் வட்டத்தை நறுக்கின. மந்தையை ஓட்டிச்செல்ல வழியில்லாதபோது கூடாரத்தைப் பிரிப்பதிலும் பொருளில்லை. இப்படித்தான் பருவகாலத் தங்குமிடம் நிலையான ஊரானது. நாகரிகம் முற்றி நாடோடிகள் தாமே நிலைகொண்டார்கள் என்ற வழக்கமான விளக்கம் இங்கே செல்லாது என்பது என் கருத்து.

நிலைகொண்ட பிறகு வந்தது அனுமதிச் சிக்கல். இஸ்ரேலுக்கும் பாலஸ்தீனத் தரப்புக்கும் இடையிலான 1995 ஒப்பந்தத்தின்படி இப்பகுதி இஸ்ரேலின் முழுக் கட்டுப்பாட்டிலுள்ள ‘சி’ பிரிவில் அடங்கியது. ஊருக்கு அங்கீகரிக்கப்பட்ட திட்ட வரைபடம் இல்லாததால், எதைக் கட்டினாலும் சட்டவிரோதம். 2009இல் இத்தாலியத் தொண்டு நிறுவனம் ஒன்றின் உதவியுடன், பழைய டயர்களில் மண்ணைத் திணித்து அடுக்கிப் பூசி ஒரு பள்ளிக்கூடம் எழுப்பினார்கள். அதற்கும் இடிப்பு ஆணை வந்தது.

2018 மே மாதம் இஸ்ரேலிய உச்ச நீதிமன்றம் ஊரை இடிக்க அனுமதித்தது; செப்டம்பரில் இறுதி மனுக்களையும் தள்ளியது. அனுமதியின்றிக் கட்டியவை என்பது அரசின் வாதம். அனுமதி பெறும் வழியே திறக்கப்படவில்லை என்பது ஊராரின் மறுமொழி. மாற்றிடமாக அரசு காட்டியது அபூ தீஸ் அருகே, குப்பைமேட்டை ஒட்டிய நிலம். 1990களின் இறுதியில், மாலே அதுமீம் விரிவாக்கத்துக்காக இதே குலத்தின் வேறு குடும்பங்கள் அவ்வட்டாரத்துக்கே மாற்றப்பட்டிருந்தன. மேய்ச்சல் இன்றி அவர்களில் பலர் மந்தைகளை விற்றுவிட்டதைக் கான் அல்-அஹ்மரார் அறிந்திருந்தார்கள்.

பன்னாட்டு எதிர்ப்பு வலுத்தபின், 2018 அக்டோபரில் அரசு இடிப்பைத் தள்ளிவைத்தது. உடனே இடிக்க ஆணையிடக் கோரிய மனுவை 2023 மே மாதம் உச்ச நீதிமன்றம் நிராகரித்து, இடிக்கும் காலத்தை அரசின் முடிவுக்கே விட்டது.