மேகி ஸ்மித்தைத் தாங்கியது மேடையே!

நடுவர் அவர்களே, அவையோரே, வணக்கம்! பிரிட்டிஷ் நடிகை மேகி ஸ்மித்தின் எழுபதாண்டுக் கலைவாழ்வைத் தாங்கி நின்றது மேடையா, திரையா? மேடையே என்று வாதாட வந்திருக்கிறேன்.

ஹாரி பாட்டர் படங்களும் டவுன்டன் அபி தொலைக்காட்சித் தொடரும் இல்லையென்றால் அவரை யாருக்குத் தெரியும் என்று கேட்டார்கள் எதிரணியினர். முதல் ஹாரி பாட்டர் படம் வந்தது 2001-இல். அப்போது அவருக்கு வயது 66. இரண்டு ஆஸ்கரும், அமெரிக்க நாடக விருதான டோனி ஒன்றும் ஏற்கெனவே வாங்கியாயிற்று. புகழ் எப்போது பரவியது என்பதா வழக்கு? அந்த வயதிலும் தேடி வந்து கூப்பிடும்படி அவரை வைத்திருந்த தொழில் எங்கே கற்றது என்பதல்லவா வழக்கு!

1952-இல் ஆக்ஸ்போர்டில், 17 வயதில், ஷேக்ஸ்பியர் நாடகத்தின் நாயகி வயோலாவாக மேடையேறினார். 1960-களில் பெரும் நடிகர் லாரன்ஸ் ஒலிவியர் நடத்திய லண்டன் நேஷனல் தியேட்டர் நாடகக் குழுவில் சேர்ந்தார். முதல் ஆஸ்கர் பரிந்துரை கிடைத்த 1965-ஆம் ஆண்டின் 'ஒதெல்லோ' என்ன படம்? அதே நேஷனல் தியேட்டர் நாடகத்தை ஸ்டுடியோவுக்குள் கொண்டுபோய்ப் பிடித்ததுதானே! அதில் நடித்த நான்கு பேருக்குப் பரிந்துரை கிடைத்தது.

மேடை என்ன கற்றுத்தரும்? நகைச்சுவையை எடுத்துக்கொள்வோம். அரங்கில் சிரிப்பு எழும், உச்சிக்குப் போகும், இறங்கும். இறங்கத் தொடங்கியதும், முழுக்க அடங்குவதற்குள், அடுத்த வசனம் விழ வேண்டும். முந்தினால் சிரிப்பில் வசனம் மூழ்கிப்போகும். பிந்தினால் காட்சி தொய்ந்துபோகும். இன்றைய கூட்டம் நேற்றைய கூட்டம்போல் சிரிக்காது. வாரத்துக்கு எட்டு காட்சி நடிக்கிறவருக்கு இது காதில் ஊறிவிடும். படப்பிடிப்பில் சிரிக்க யாருமே இல்லை. அங்கே எவ்வளவு இடைவெளி விடுவது என்பதை இந்தக் காதை வைத்துத்தான் அளக்க முடியும்.

மேடை நடிப்பு கேமரா முன் மிகையாகத் தெரியும் என்றும் எதிரணியில் சொன்னார்கள். உண்மைதான். 1970-களின் தொடக்கத்தில் மேகி ஸ்மித் மீதே அந்தக் குறை எழுந்தது: கை பேசுகிறது, குரல் வளைகிறது, பாத்திரம் காணோம் என்றார்கள். அதற்கு மருந்து எங்கே கிடைத்தது? ஹாலிவுட்டிலா? 1976-இல் கனடாவின் ஸ்ட்ராட்ஃபோர்டு நாடக விழாவுக்குப் போனார். இயக்குநர் ராபின் பிலிப்ஸ் அந்தச் சேட்டைகளை ஒவ்வொன்றாகக் களைந்தார். அங்குள்ள பெரிய அரங்கில் மூன்று பக்கமும் பார்வையாளர்கள். ஒரு பக்கம் முகத்தைக் காட்டினால் இன்னொரு பக்கம் முதுகுதான் தெரியும். முகச் சேஷ்டையை நம்பி அங்கே பிழைக்க முடியாது. எண்ணத்தை வசனத்துக்குள்ளேயே வைத்தாக வேண்டும். ஷேக்ஸ்பியரின் கிளியோபாட்ராவையும் ரோசலிண்டையும் அப்படித்தான் நடித்தார்.

பலனைப் பாருங்கள். 1988-இல் பிபிசிக்காக நாடகாசிரியர் ஆலன் பென்னட் எழுதிய தனிமொழி. குடிக்கு அடிமையான பாதிரியார் மனைவி. அவளை மனுஷியாக மதிப்பவர் ரமேஷ் என்ற இந்திய மளிகைக் கடைக்காரர். முக்கால் மணி நேரத்துக்கும் மேலாகத் திரையில் மேகி ஸ்மித் ஒருவர்தான். புருவம்கூட அதிகம் அசையாது! இதைவிட அடக்கமான கேமரா நடிப்பை எதிரணியினர் காட்டட்டும்.

டவுன்டன் அபிக்கே வருவோம். வேலைக்குப் போகும், பிரபுக் குடும்பத்து வாரிசு, எஸ்டேட்டை வார இறுதியில் பார்த்துக்கொள்கிறேன் என்கிறான். வார இறுதி என்றால் என்ன என்று கேட்கிறாள் மேகி ஸ்மித் நடித்த முதிய சீமாட்டி. வேலை என்பதையே அறியாதவளுக்கு ஏழு நாளும் ஒன்றுதானே! மேகி ஸ்மித் அதை ஜோக்காகச் சொல்லவில்லை. மெய்யாகவே புரியாமல் கேட்கிறார். அதனால்தான் வெடிக்கிறது சிரிப்பு.

2007-க்குப் பிறகு பன்னிரண்டு ஆண்டு அவர் மேடைப்பக்கமே வரவில்லையே என்பது எதிரணியின் வலுவான வாதம். இடையில் புற்றுநோய் வந்தது. சிகிச்சையோடு ஹாரி பாட்டரில் நடித்தார். ரீடேக் உள்ள திரை அப்போது கைகொடுத்தது, நன்றியோடு ஏற்கிறேன். ஆனால் 2019-இல், 84 வயதில், பணமும் புகழும் நிறைந்திருந்தபோது என்ன செய்தார்? லண்டன் பிரிட்ஜ் தியேட்டரில் 'எ ஜெர்மன் லைஃப்' நாடகம். ஹிட்லரின் பிரசார அமைச்சர் கோயபல்ஸின் செயலாளராக இருந்த பெண்ணின் வாக்குமூலம். இடைவேளை கிடையாது, துணை நடிகர் கிடையாது. ஒன்றரை மணி நேரத்துக்கு மேல் அவர் ஒருவரே பேசினார். வசனம் மறந்தால் "கட்" சொல்ல அங்கே யாரும் இல்லை. அதற்குச் சிறந்த நடிகை விருதும் வாங்கினார். நடுவர் அவர்களே, இதையும் எடைபோட்டுத் தீர்ப்புச் சொல்லுங்கள். நன்றி, வணக்கம்!