வீட்டில் யாரும் இல்லை

நேயர்களுக்கு வணக்கம்.

கணக்கெடுப்புக்காகக் கிராமங்களில் வீடு வீடாக ஏறி இறங்கியிருக்கிறேன். "வீட்டில் யார் இருக்கிறார்கள்?" என்று கேட்டால், கதவைத் திறந்த பெண்ணே, "யாரும் இல்லீங்க" என்பார். வீட்டுக்காரர் வெளியே போயிருக்கிறார் என்று அதற்கு அர்த்தம். "நீங்க என்ன வேலை பார்க்கிறீங்க?" "சும்மாதான் இருக்கேன்." அப்படிச் சொன்ன ஓர் அம்மாவின் முழங்கை வரை சேறு காய்ந்து வெடித்திருந்தது. விடியலிலிருந்து களை பறித்துவிட்டு அப்போதுதான் வந்திருந்தார். விவசாயி என்ற கட்டத்தில் அவருடைய கணவர் பெயரைத்தான் எழுதினேன். அது இன்றும் என்னை உறுத்துகிறது.

ஒரே வீட்டுக்குள்ளும் வறுமை எல்லோரையும் ஒரே மாதிரி வாட்டுவதில்லை. தன் பேரில் நிலம் இல்லாதவருக்கு வங்கிக் கடன் லேசில் கிடைக்காது. பயிர் கருகினால் நிவாரணப் பட்டியலில் அவர் பெயர் இருக்காது. ஆண்கள் பிழைப்புத் தேடி நகரத்துக்குப் போய்விட்ட ஊர்களில் வெள்ளாமை முழுக்கப் பெண்கள் தலையில்தான். பத்திரம் மட்டும் போனவர் பேரிலேயே கிடக்கிறது.

சட்டம் இல்லாமல் இல்லை. பெண்களுக்கு எதிரான பாகுபாடுகளை ஒழிக்க 1979-இல் ஐ.நா. நிறைவேற்றிய உடன்படிக்கையில் 14-ஆவது பிரிவே கிராமப்புறப் பெண்களுக்கானது. இந்தியாவில் 2005-இல் வந்த இந்து வாரிசுரிமைச் சட்டத் திருத்தம், கூட்டுக் குடும்பச் சொத்தில் மகளுக்கும் பிறப்பாலேயே சம பங்கு தந்தது. ஆனால், கேட்டால் பிறந்த வீட்டு வாசல் அடைபட்டுவிடுமே என்று அஞ்சி, தன் பங்கு வேண்டாம் என்று எழுதித் தரும் விடுதலைப் பத்திரத்தில் கையெழுத்துப் போட்டுக் கொடுத்துவிடும் சகோதரிகள் எத்தனை பேர்! அந்த அச்சத்துக்குச் சட்டப் புத்தகத்தில் மருந்து கிடையாது.

எத்தியோப்பியாவில் நடந்ததைச் சொல்ல வேண்டும். 1990-களின் இறுதியில் திக்ரே பகுதியில் நிலச் சான்றிதழ் கொடுக்கத் தொடங்கியபோது, குடும்பத் தலைவர் பெயரில்தான் கொடுத்தார்கள். பிறகு அம்ஹாரா பகுதியில் கணவன், மனைவி இருவர் பெயரையும் எழுதி, இருவர் புகைப்படத்தையும் ஒட்டினார்கள். எழுதப் படிக்கத் தெரியாதவருக்கும் தன் முகம் தெரியுமல்லவா? மணமுறிவு வந்தாலோ கணவர் இறந்தாலோ, "இது என் நிலமும்தான்" என்று எடுத்துக் காட்ட அவர் கையில் ஒரு தாள் இருக்கிறது. அதற்காக வீட்டு வேலையில் பாதியை ஆண்கள் ஏற்றுக்கொண்டுவிடவில்லை. ஆனாலும் பேச்சுக்கு உட்காரும்போது அவருக்கும் ஓர் இடம் வந்துவிடுகிறது.

இன்று ராத்திரி உங்கள் வீட்டுப் பெட்டியைத் திறந்து நிலப் பத்திரத்தை எடுங்கள். அதிலுள்ள பெயர்களை உங்கள் அம்மாவுக்கும் மனைவிக்கும் வாய்விட்டு வாசித்துக் காட்டுங்கள்.

நன்றி, வணக்கம்.