சம்பளத்துக்கு வேலை பார்த்த தயாரிப்பாளர்

அவைத்தலைவர் அவர்களே, நண்பர்களே,

தயாரிப்பாளரை 'முதலாளி' என்றே அழைத்துப் பழகிய நமக்கு ஜெர்மானியத் திரைப்படத் தயாரிப்பாளர் எரிக் பொம்மரின் தொழில்வாழ்க்கை சற்று வியப்பாக இருக்கும். ஏனெனில், அவர் பெரும்படங்கள் பலவற்றை எடுத்தது ஊஃபா என்ற ஜெர்மன் திரைப்பட நிறுவனத்தின் சம்பளக்காரராக இருந்துகொண்டுதான்.

1889இல் ஜெர்மனியின் ஹில்டஸ்ஹைம் நகரில் பிறந்த பொம்மர், 1907இல் பிரெஞ்சுத் திரைப்பட நிறுவனமான கோமோனின் பெர்லின் கிளையில் விற்பனைப் பணியில் சேர்ந்தார். சந்தை வழியாகப் படப்பிடிப்புத் தளத்துக்கு வந்தவர் என்பதால், படம் எந்த நாட்டில் விலைபோகும் என்ற கேள்வி அவரை விட்டு அகலவேயில்லை. 1915இல் டெக்லா என்ற படநிறுவனத்தைத் தொடங்கினார். முதல் உலகப் போரில் தோற்ற ஜெர்மனியின் சரக்கை வெளிநாட்டார் சீந்தாத நாளில், ஹாலிவுட்டிடம் இல்லாத ஒன்றைக் கொடுத்தால்தான் வாங்குவார்கள் என்று கணக்குப் போட்டார். அப்படிப் பிறந்ததுதான் 1920இல் வெளியான 'டாக்டர் கலிகாரி'. அதில் தெருக்களும் கோணல் சன்னல்களும் மட்டுமல்ல, விளக்கொளியால் விழவேண்டிய நிழல்கள்கூடத் துணியில் தீட்டப்பட்டவை. கலைப்புரட்சி என்று நாம் கொண்டாடுவதில் பாதி வியாபார யுக்தி என்பதைச் சொல்வதால் அப்படத்தின் பெருமை குறைந்துவிடாது என்பது என் எண்ணம்.

பின்னர் ஊஃபாவில் அவர் எடுத்த 'மெட்ரோபொலிஸ்' படத்தின் செலவு ஐம்பது லட்சம் மார்க்கைத் தாண்டியது. படம் முடியும் முன்பே, 1926இல், பொம்மர் ஊஃபாவை விட்டு ஹாலிவுட்டுக்குப் போனார். ஆனால், மறு ஆண்டே அதே நிறுவனம் அவரைத் திரும்ப அழைத்துக்கொண்டது.

பேசும்படம் வந்ததும் அவருடைய சந்தைப் புத்தி மீண்டும் விழித்தது. 1931இல் வெளிவந்த 'காங்கிரஸ் நடனமாடுகிறது' (இங்கே காங்கிரஸ் என்பது வியன்னா மாநாடு) என்ற இசைப்படத்தை ஜெர்மன், பிரெஞ்சு, ஆங்கிலம் ஆகிய மூன்று மொழிகளிலும் எடுத்தார்கள். நாயகி லிலியன் ஹார்வி மூன்றிலும் நடித்தார். நாயகன் மட்டும் ஜெர்மனில் வில்லி ஃபிரிட்ஷ், மற்ற இரண்டிலும் ஆன்ரி காரா. ஒரே அரங்கில், ஒரே காதலை, வேறொரு காதலனோடு வேறொரு மொழியில் அந்த அம்மையார் மறுபடி நடித்துக் காட்ட வேண்டியிருந்தது!

1933 மார்ச் 29 அன்று ஊஃபாவின் நிர்வாகக் குழு யூத ஊழியர்களின் ஒப்பந்தங்களை முடித்துக்கொள்ளத் தீர்மானித்தது. பொம்மரும் யூதர். பாரிஸ், லண்டன், மீண்டும் ஹாலிவுட் என்று அலைந்தவருக்கு 1941இல் மாரடைப்பு வந்தது, ஒப்பந்தமும் போயிற்று. ஐரோப்பாவின் மிகப் பெரிய ஸ்டுடியோவை நடத்தியவர், மனைவியோடு அமர்ந்து பீங்கான் பாத்திரங்களில் பூவேலை தீட்டிப் பிழைத்தார்.

1946இல் அவர் ஜெர்மனிக்குத் திரும்பியது அமெரிக்க இராணுவ நிர்வாகத்தின் திரைப்பட அதிகாரியாக. தங்கள் படங்களை விற்கும் கடையாகவே ஜெர்மனியைப் பார்த்த ஹாலிவுட் நிறுவனங்களுக்கு, அங்கே படப்பிடிப்பு மீண்டும் தொடங்கவேண்டும் என்ற அவருடைய பிடிவாதம் கசந்தது. பிறகு அங்கேயே மீண்டும் தயாரிப்பாளரானார். 1955இல் அவர் தயாரித்த படத்தில், போர்முனைக்குப் போய்விட்ட பள்ளிச் சிறுவர்களை மீட்டுவர அவர்களுடைய தாய்மார் புறப்பட்டுச் செல்கிறார்கள்.