தட்டுப் போருக்குப் பின்னால்

வணக்கமுங்க. சாயங்காலக் கறவை முடிந்து, சொசைட்டிக்குப் பால் ஊற்றிவிட்டு உட்கார்ந்திருப்பீர்கள். 30 வருடம் மாட்டு ஆஸ்பத்திரியில் ஊசி போட்டவன் நான். இன்றைக்கும் வானொலியில் அதே ஊசிப் பேச்சுத்தான்.

ஊசி போட்ட அன்றைக்கே மாட்டுக்கு நோய்க் காப்பு வந்துவிடாது. 2, 3 வாரம் பிடிக்கும். அதனால் நாளைப் பின்னாலிருந்து எண்ண வேண்டும். சித்திரையில் கண்ணபுரம் மாட்டுச் சந்தையா, ஆடியில் அந்தியூரா? ஒரு மாதம் முன்னாலேயே, வாயிலும் குளம்பிலும் புண் வருமே, அந்தக் கோமாரிக்கு ஊசி போட்டிருக்க வேண்டும். ஐப்பசி மழைக்கு முன்னால் சப்பை நோய்க்கும் தொண்டை அடைப்பானுக்கும். கோமாரிக்குக் கன்றின் 4ஆம் மாதம் முதல் ஊசி, ஒரு மாதம் கழித்து இன்னொன்று, அப்புறம் 6 மாதத்துக்கு ஒருமுறை. அதற்குத்தான் அரசு முகாம் வருகிறது, காசு கிடையாது.

காங்கேயம் பக்கம் ஒரு ஆத்தா. முகாம் அன்றைக்குக் கட்டுத்தறியில் ஒரு கிழட்டுக் காளையும் 2 கன்றுகளும் மட்டும் நிற்கும். "இவ்வளவுதானுங்க சாமி" என்பார். ஒரு தடவை கன்றுக்கு ஊசி போட்டதும் அது "ம்மா" என்று கத்தியது. சோளத்தட்டுப் போருக்குப் பின்னாலிருந்து பதில் குரல் வந்தது.

"அது பக்கத்துத் தோட்டத்து மாடுங்க."

"பக்கத்துத் தோட்டத்து மாட்டுக்கு உங்க கன்னு மேல அவ்வளவு பாசமாங்க ஆத்தா?"

சிரித்தார். ஆனால் ஒளித்துவைத்த கறவைகளை ஓட்டிவரவில்லை. பால் குறையும் என்ற பயம். குறையும்தான், நான் பொய் சொல்ல மாட்டேன். 2, 3 நாளைக்குக் கொஞ்சம் குறைந்து, திரும்பிவிடும். அந்த மார்கழியில் சந்தையில் வாங்கிய ஒரு மாட்டைக் கொண்டுவந்து நேராகக் கறவைகளோடு கட்டினார்கள். வாயில் எச்சில் நூலாக வடிய, குளம்பிடுக்கில் புண்ணோடு 4 கறவையும் படுத்துவிட்டன. பிழைத்தன, ஆனால் அதில் ஒன்று வெயில் ஏறினால் நாய் மாதிரி இரைக்கும். பழைய பால் வரவே இல்லை.

அடுத்த முகாமுக்குப் போனேன். வாசலிலேயே நின்றிருந்தார்.

"தட்டுப் போரை வித்துட்டேனுங்க சாமி."

வாங்கிவந்த மாட்டை 3 வாரம் தனியே கட்டுங்கள். இதை நான் எத்தனை தடவை சொன்னாலும் தகும். அப்புறம், முகாம் அன்றைக்கு மாட்டைப் பிடித்துத் தயாராக வையுங்கள். மருந்து 2 முதல் 8 டிகிரிக்குள் இருக்க வேண்டியது. ஐஸ் பெட்டியைத் திறந்துவைத்துக்கொண்டு கொறங்காட்டு மேய்ச்சலில் மாடு தேட முடியாது.

கண்ணாடிக்கு அந்தப் பக்கம் ஒரு விரலைக் காட்டுகிறார்கள், ஒரு நிமிடம்தான் மிச்சம். செனையைக் கலைக்கும் கன்று வீச்சு நோயைப் பற்றி விரிவாகப் பேச நினைத்திருந்தேன். சரி, சுருக்கமாக. அதற்கு ஊசி கிடாரிக் கன்றுக்கு மட்டும், 4 முதல் 8 மாதத்துக்குள், ஆயுளில் ஒரே தடவை. காளைக்கும் செனை மாட்டுக்கும் கூடாது. கன்று வீசினால் நஞ்சுக்கொடியை வெறுங்கையால் தொடாதீர்கள், நமக்கும் ஒட்டும். வருகிறேனுங்க.