ஃபெர்ரியும் கெராமாட் சத்தமும்

வணக்கம் நேயர்களே. மலேசியாவில் பினாங்குக் கால்பந்து அணி ஆடும் பினாங்கு மாநகர் விளையாட்டரங்கத்தைப் பற்றிப் பேசச் சொன்னார்கள். அரங்கம் தீவில், ஜார்ஜ்டவுனில் இருக்கிறது. நான் பிறந்ததோ நிபோங் திபால் பக்கம், ஒரு ரப்பர் தோட்டத்து லயத்தில், அதாவது தொழிலாளர் வரிசை வீட்டில். நடுவே கடல். 1985-இல் பாலம் திறக்கும்வரை ஃபெர்ரிதான் கதி.

ஆட்டம் உள்ள அன்று ரப்பர் பாலை நிறுத்து முடிந்ததும் அப்பா குளித்து, தலைக்கு எண்ணெய் வைத்துத் தயாராகிவிடுவார். ஆளுக்கு ஒரு வெள்ளி போட்டு லோரி பிடிப்போம். பட்டர்வொர்த்தில் இறங்கி ஃபெர்ரி ஏறி அக்கரை போனால், அரங்க வாசலில் கச்சாங் பூத்தேக்காரர். கடலையைப் பழைய பரீட்சைத் தாளில் சுருட்டித் தருவார். ஒருமுறை என் கையில் கிடைத்தது யாரோ ஒரு பையனின் கணக்குத்தாள், நூற்றுக்கு இருபத்தெட்டு. எனக்குப் பெரிய ஆறுதல்!

அந்தக் கூட்டத்தின் இரைச்சலுக்குப் பெயரே உண்டு: 'கெராமாட் ரோர்'. அரங்கம் இருக்கும் டத்தோ கெராமாட் வட்டாரத்தை வைத்து வந்த பெயர்; 'ரோர்' என்றால் கர்ஜனை. அதை நான் சரியாகக் கேட்டது அரங்கத்துக்கு வெளியேதான். மறுநாள் காலை ஐந்து மணிக்குப் பெரட்டு, அதாவது தோட்டத்தில் ஆள் கணக்கெடுப்பு. அதனால் ஆட்டம் முடியப் பத்து நிமிடம் இருக்கும்போதே அப்பா கையைப் பிடித்து இழுத்துவிடுவார். ஒருநாள் ஆட்டம் சமநிலை. நாங்கள் வாசலைத் தாண்டியதும் பின்னால் வெடித்தது பாருங்கள் ஒரு சத்தம்! அப்பா திரும்பவே இல்லை. "நம்ம கோல்தான், நட" என்றார். எதிரணி அடித்தால் அந்த அரங்கம் அப்படி அலறாது.

1974-இல் பினாங்கு மலேசியக் கிண்ணத்தை வென்றது. அதற்கப்புறம் அந்தக் கிண்ணம் எங்கள் பக்கம் வரவில்லை. லீக் பட்டம் மட்டும் 1982, 1998, 2001 என்று மூன்று முறை வந்தது.

2000-ஆம் ஆண்டு சுக்மா என்ற மலேசிய விளையாட்டுப் போட்டிக்காக, எங்கள் வீட்டுக்குப் பக்கத்திலேயே, பத்து காவானில் மாநில அரங்கம் கட்டினார்கள். நாற்பதாயிரம் பேர் உட்காரலாம். அணியும் சில பருவங்கள் அங்கே ஆடியது. எனக்கு வசதிதான்; ஆனால் பத்தாயிரம் பேர் வந்தாலும் அது காலியாகத் தெரியும். மாநகர் மன்றத்தின் அந்தப் பழைய அரங்கம் அதில் பாதிதான். கொஞ்சம் கூட்டம் சேர்ந்தாலே காது அடைக்கும்.

அங்கேதான் 2016 பிப்ரவரி 16 அன்று பகாங்குக்கு எதிராக முகமட் ஃபைஸ் சுப்ரி அந்த ஃப்ரீகிக்கை அடித்தார். ஒரு பக்கம் போன பந்து நடுவானில் மனம் மாறியதுபோல் மறுபக்கம் வளைந்து உள்ளே போனது. அதற்கு, ஆண்டின் சிறந்த கோலுக்கான ஃபிஃபாவின் புஷ்காஸ் விருது கிடைத்தது. அதை வென்ற முதல் ஆசியர் அவர்தான்.

இப்போது பேரனுடன் காரில், பாலத்தில் போய்வருகிறேன். பெரட்டும் இல்லை, ஃபெர்ரிக்கு ஓடவும் வேண்டாம். ஆனாலும் எண்பதாவது நிமிடம் வந்தால் கண் தானாகக் கடிகாரத்துக்குப் போகும். "தாத்தா, உட்காருங்க" என்பான் அவன்.