98 டாலருக்கு ஒரு பன்னிஹக், அதிலும் ஜிப்!

வணக்கம் மக்களே. கையில் டீ, பின்னால் அம்மா வீட்டு ஜன்னல். ஆமாம், நான் வளர்ந்த மூஸ் ஜாவுக்கு வந்திருக்கிறேன், கனடாவின் சஸ்காட்செவன் மாகாணத்து ஊர். டொராண்டோ வீட்டுச் செடிகளைப் பற்றிக் கேட்காதீர்கள், பக்கத்து வீட்டு அக்கா பார்த்துக்கொள்கிறார்.

முதலில் இந்த ஹூடியைப் பாருங்கள், அதாவது தொப்பி வைத்த குளிர்சட்டை. ரெஜைனா விமான நிலையத்தில் வாங்கினேன். நெஞ்சில் கொட்டை எழுத்தில் 'பன்னிஹக்' என்று போட்டிருக்கிறது. விலை 89 டாலர். சரி, ஆசைக்கு ஒன்று என்று கார்டை நீட்டினால், ஜிஎஸ்டி 5 சதவீதம், மாகாண வரி 6 சதவீதம், மொத்தம் 98 டாலர் 79 சென்ட்! ரசீதை மடித்துப் பர்ஸில் வைத்திருக்கிறேன், அவ்வப்போது எடுத்துப் பார்த்து வயிறெரிய.

விலைகூடப் போகட்டும். இதில் ஜிப் இருக்கிறது. பேர் மயக்கத்தில் திருப்பிப் பார்க்காமல் வாங்கிவிட்டேன். போன மாதம் ஜாக்கெட் வீடியோவில் 'ஜிப்பை நம்பாதே' என்று கத்தினேனே, அதே நான்தான்.

புதிதாக வந்தவர்களுக்குச் சொல்கிறேன். மற்ற ஊர்களில் ஹூடி என்பதை சஸ்காட்செவனில் பன்னிஹக் என்பார்கள். தலைவழியாக மாட்ட வேண்டும், வயிற்றுப் பக்கம் இரண்டு கையும் நுழைகிற மாதிரி ஒரே பை. ஜிப் வைத்தாலும் அது பன்னிஹக்தான் என்று ஒரு கூட்டம் உண்டு. அவர்களோடு எனக்குப் பேச்சே இல்லை.

2012-ல் மதுரையிலிருந்து இங்கே வந்தபோது எனக்கு 13 வயது. பள்ளியில் முதல் வாரமே ஒரு பெண், "உன் பன்னிஹக் எங்கே?" என்று கேட்டாள். ஒன்றும் புரியவில்லை. வீட்டுக்கு வந்து சொன்னதும் அம்மா கரண்டியோடு திரும்பி, "யாருடி உன்னைப் பன்னின்னு சொன்னது?" என்றார். மறுநாள் பள்ளிக்கே கிளம்பியிருப்பார், அப்பாதான் தடுத்தார்.

ஊரில் மொத்தம் 34 ஆயிரம் பேர் இருக்கலாம். மதுரையில் சித்திரைத் திருவிழா அன்றைக்கு ஒரு தெருவில் நிற்கிற கூட்டம். ரெஜைனா 70 கிலோமீட்டர், ஆனால் போவது எப்படி? பயணிகள் ரயில் 1990-லேயே நின்றுவிட்டது. இருந்த மாகாண அரசு பஸ்ஸையும் 2017 மே 31-ம் தேதியோடு நிறுத்தினார்கள், நான் பன்னிரண்டாவது முடித்த அதே வருடம். அதனால் இங்கே பிள்ளைகளுக்குக் கார்தான் கை கால். பள்ளி டிரைவிங் வகுப்பில் சேர்ந்தால் 15 வயதிலேயே பழகலாம். மதுரையில் தெருமுனை தாண்டி சைக்கிள் ஓட்ட விடாத அப்பா, பக்கத்து சீட்டில் உட்கார்ந்து முருகா முருகா என்று சொல்லிக்கொண்டே வந்தார்.

ஓட்டிக்கொண்டு எங்கே போவோம்? எங்கேயும் இல்லை. மெயின் ஸ்ட்ரீட்டில் தெற்குக் கோடியில் பழைய ரயில் நிலையம் வரை போவது, திரும்பி வடக்கே வருவது, மறுபடி தெற்கே. பெட்ரோலுக்கு ஆளுக்கு மூன்று டாலர். எதிரே வருகிற காரிலும் நம் வகுப்புப் பிள்ளைகள்தான்.

அட, முக்கியமானதை விட்டுவிட்டேன். குளிர்காலத்தில் எஞ்சின் உறையாமல் இருக்க பிளாக் ஹீட்டர் என்று ஒன்று உண்டு. காரின் மூக்கிலிருந்து எலிவால் மாதிரி ஒயர் தொங்கும், ராத்திரி அதைச் சுவர் பிளக்கில் சொருக வேண்டும். ஒருநாள் மைனஸ் 30. பிளக்கை எடுக்க மறந்து காரைக் கிளப்பிவிட்டேன். ஆரஞ்சு நிற எக்ஸ்டென்ஷன் ஒயர் முழுசும் பின்னாலேயே வந்திருக்கிறது, பாதி மெயின் ஸ்ட்ரீட் வரைக்கும்! எதிரே வந்தவர்கள் எல்லாரும் கை காட்டினார்கள். நான் பதிலுக்குக் கை ஆட்டிக்கொண்டே போனேன்.

சரி, மாக் பற்றிக் கேட்டிருந்தீர்கள். எங்கள் ஊர் நெடுஞ்சாலை ஓரத்தில் நிற்கிற பெரிய மூஸ் சிலை, 1984-ல் வைத்தது. மூஸ் என்றால் பெரிய கொம்புள்ள ஒரு வகை மான். விருந்தாளி வந்தால் அப்பா முதலில் அங்கேதான் கூட்டிப்போவார், 13 வயதில் அதன் காலடியில் போட்டோவுக்கு நிற்பது எவ்வளவு மானக்கேடு தெரியுமா? அப்புறம் 2015-ல் நார்வேக்காரர்கள் மாக்கைவிட 30 சென்டிமீட்டர் உயரமாக ஒரு மூஸ் சிலை வைத்துவிட்டார்கள். 2019-ல் விஷயம் தெரிந்து ஊரே கொதித்தபோது, டொராண்டோவில் ரூம்மேட்டிடம் அந்தச் சிலைக்காகச் சண்டை போட்டது யார்? நான்தான். அந்த அக்டோபரில் மாக்குக்குப் பெரிய கொம்பு வைத்து மறுபடி முந்திவிட்டோம். முந்திவிட்டோம் என்கிறேன் பாருங்கள்.

இந்த 98 டாலர் 79 சென்ட் கதைக்கு வருகிறேன். நேற்று ராத்திரி அம்மா இதைப் போட்டுப் பார்த்துவிட்டு, "ஜிப் இருந்தா நல்லதுதானே, கொண்டை கலையாது" என்றார். மேலே எழுதியிருந்ததை மட்டும் நாலு முறை படித்தார். கழற்றவே இல்லை, இப்போது வீடியோவுக்காகக் கெஞ்சி வாங்கி வந்திருக்கிறேன். பதிலுக்கு, அவர் பனி தள்ளும்போது போடுகிற என் பழைய பள்ளிக்கூடப் பன்னிஹக்கை நான் எடுத்துக்கொண்டேன். கயிறு இல்லை, இடது கை நுனி பிரிந்திருக்கிறது, ஜிப்பும் இல்லை. இதோ, அம்மா கூப்பிடுகிறார். குளிருகிறதாம், அதைக் கொடு என்கிறார்.